ஒரே ஒரு கோணல் டிக்

அலுவலகத்தில் அவளுக்கு ஒரு பட்டப்பெயர் இருந்தது. டிக் மேடம். இருபத்திரண்டு வருடமாக அந்தப் பெயர் வாய்க்கு வாய் புழங்கியும் அவள் காதுக்கு மட்டும் எட்டவே இல்லை. தான் தாண்டிப்போன பிறகு யாரோ சிரிப்பதுபோல சில நாள் கேட்கும். நம் வேலைத்திறமையைப் பார்த்து அசந்துபோய்ப் பேசிக்கொள்கிறார்கள் போலிருக்கிறது என்று தானே ஒரு விளக்கம் சொல்லிக்கொண்டு, இன்னும் கொஞ்சம் நிமிர்ந்து நடப்பாள். இதையெல்லாம் இப்போது அவளே எல்லாரிடமும் சொல்லிச் சிரிக்கிறாள். இல்லாவிட்டால் நாம் வாய் திறப்போமா என்ன?

குழந்தை மதிப்பீட்டாளர் என்பது அவளுடைய உத்தியோகம். இரண்டு வயதுக் குழந்தையை எதிரே பாயில் உட்கார வைத்து, முப்பது கேள்விகள் கொண்ட ஒரு தாளை மடியில் வைத்துக்கொண்டு, அது வயதுக்குத் தகுந்தபடி வளர்ந்திருக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஒவ்வொரு கேள்விக்கும் இரண்டு கட்டம். உண்டு, இல்லை. மற்ற மதிப்பீட்டாளர்கள் பென்சிலில் குறித்துவிட்டு, யோசித்து, பிறகு பேனாவில் போடுவார்கள். அவளுக்குப் பென்சில் வைத்துக்கொள்வதே கேவலமாகப் பட்டது. நீல மைப் பேனாவில் நேரடியாக டிக். ஒன்பது நிமிடத்தில் ஒரு குழந்தை முடிந்துவிடும். இத்தனை வருடத்தில் அவள் தாளில் ஓர் அடித்தல் திருத்தல் கிடையாது. அடுத்த மாதம் அதற்காகத் தலைமையகத்தில் ஒரு சான்றிதழ் கொடுப்பதாக இருந்தார்கள். அதைச் சுவரில் எந்த இடத்தில் மாட்டுவது என்று முடிவு செய்து, அவள் ஆணிகூட அடித்தாகிவிட்டது.

இந்த முப்பது கேள்விகளிலும் அவளுக்கு அப்படி ஒரு நம்பிக்கை. பெற்ற மகனையே அந்தத் தாளைப் பார்த்துத்தான் வளர்த்தாள். நாலு கட்டை அடுக்க வேண்டிய வயதில் எட்டு அடுக்கினான். படத்தைக் காட்டி 'யானை எங்கே?' என்று கேட்டு முடிப்பதற்குள் விரல் யானைமேல் இருக்கும். முப்பதுக்கு முப்பது. அந்தத் தாளுக்குப் பிளாஸ்டிக் உறை போட்டு அலமாரியில் பத்திரமாக வைத்திருக்கிறாள். மகனுக்கு இப்போது இருபத்துநாலு வயது. திறந்த அலமாரிக்கு முன்னால் நின்றுகொண்டே, "அம்மா, என் துண்டு எங்க?" என்று குரல் கொடுப்பான். கட்டை அடுக்கிய பழக்கம் மட்டும் விட்டுப்போகவில்லை. குடித்த டீக்கப்புகளைக் கட்டில் ஓரம் எட்டு வரைக்கும் அடுக்குவான். ஒவ்வொரு முறை அவன் குரல் கொடுக்கும்போதும், பஸ் பணிமனையில் மெக்கானிக்காக இருக்கும் அவள் கணவர் தட்டிலிருந்து தலையைத் தூக்காமல், "முப்பதுக்கு முப்பது" என்பார். அவருக்குப் பொறாமை என்று அவள் நினைத்துக்கொள்வாள்.

அப்படிப்பட்டவளிடம் ஒரு புதன்கிழமை, தொழிற்பேட்டைக் காப்பகத்துக்கு விண்ணப்பித்த குழந்தைகள் வந்தன. பகலில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் காப்பகம் அது. பட்டறைகளில் வேலை பார்க்கிறவர்கள் பிள்ளையை விட்டுவிட்டு நாலு எட்டில் வேலைக்குப் போய்விடலாம். இடம் இருபது, பிள்ளைகள் முப்பத்தொன்று. தாளில் தேறாத குழந்தைக்கு அங்கே இடம் கிடையாது. சிறப்பு மையத்துக்கு அனுப்பிவிடுவார்கள். அது ஊரின் மறுகோடியில், இரண்டு பஸ் மாறிப் போக வேண்டிய இடத்தில் இருந்தது. எல்லாம் குழந்தையின் நன்மைக்கே என்று தாளின் அடியிலேயே அச்சடித்திருக்கும். வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குப் பட்டியலை ஒட்டிவிடுவார்கள்.

பத்தொன்பதாவதாக வந்தவன் கிலுகிலு. வீட்டில் அவனுக்கு அதுதான் பேர் என்று கூட்டிவந்த பெரியம்மா சொன்னாள். ஏன் அந்தப் பேர் என்று கேட்க வேண்டியதே இல்லை. அவனுடைய இரண்டு ஷூவிலும் பட்டாணி அளவு மணி தைத்த ஒரு வார் கட்டியிருந்தது. அவன் காலை வைத்தால் கிலு, எடுத்தால் கிலு. வயது இரண்டு, கூட இரண்டு மாதம். பெரியம்மா பஸ் கண்டக்டர். தன் வார விடுமுறையில் தங்கை பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்திருந்தாள். அப்பாவும் அம்மாவும் அட்டைப்பெட்டி மடிக்கும் பட்டறையில் வேலை. அன்றைக்குச் சரக்கு போகிற நாள், விடுப்பு கிடைக்கவில்லை.

முதலில் குடும்பத்தைப் பற்றிய கேள்விகள். வீட்டில் ஜன்னல் எத்தனை? இரண்டு. குழாய்? ஒன்று. படப்புத்தகங்கள் உண்டா? இல்லை. பெற்றோர் படம் காட்டிக் கதை சொல்வதுண்டா? இதற்குப் பெரியம்மா லேசாகச் சிரித்தாள். "படமா? அது வந்து மேடம், அவங்க ரெண்டு பேருக்கும்..." என்று தொடங்கினாள்.

"உண்டா, இல்லையா? அத மட்டும் சொல்லுங்க."

"இல்ல மேடம்."

இல்லை. டிக். பக்கத்தில் 'அக்கறை குறைவு' என்று சின்னதாக ஒரு குறிப்பு. இந்த இடத்தைச் சொல்லும்போது இப்போதெல்லாம் அவள் தன் தலையில் தானே ஒரு தட்டு தட்டிக்கொள்வாள். தட்டுவது போதாது என்பது நம் கருத்து.

பிறகு பிள்ளையின் முறை. படங்கள் ஒட்டிய அட்டையை நீட்டி, "பந்து எங்கே? காட்டு" என்றாள். தாளில் இருக்கும் வார்த்தைகளுக்கு மேல் ஒரு வார்த்தை பேசக்கூடாது என்பது விதி. கிலுகிலு விரலை நீட்டவில்லை. எழுந்து வந்தான். அவளுடைய கையை மணிக்கட்டில் பிடித்து இழுத்து, உள்ளங்கையைக் கொண்டுபோய்ப் பந்துப் படத்தின்மேல் வைத்தான். அவள் கையை உருவிக்கொண்டு, மறுபடியும் காட்டச் சொன்னாள். மறுபடியும் கையைப் பிடித்து வைத்தான். அவளுக்கு உள்ளுக்குள் மணி அடித்தது. விரலால் சுட்டாத பிள்ளை, பெரியவர் கையைக் கருவி மாதிரிப் பிடித்து இழுக்கிற பிள்ளை! மூன்று நாள் பயிற்சி வகுப்பில் இதை வளர்ச்சிக் குறையின் அடையாளம் என்று சிவப்புக் கோடு போட்டுச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அவள்தான் முதல் பெஞ்சில் உட்கார்ந்திருந்தவள்.

நடுவில் அந்த வெளி மணி வேறு. பிள்ளை அசையும்போதெல்லாம் கிலுகிலு கிலுகிலு என்று கவனம் சிதறியது. அவள் குனிந்து இரண்டு வாரையும் அவிழ்த்துத் தன் பைக்குள் போட்டாள். அதற்குப் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. கிலுகிலு தன் காலை ஒரு முறை பார்த்தான். அவளைப் பார்த்தான். பிறகு பாயில் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டான்.

பேர் சொல்லிக் கூப்பிட்டாள், திறக்கவில்லை. கட்டைகளைத் தட்டினாள், திறக்கவில்லை. பெரியம்மா பதறிப்போய் ஏதோ சொல்ல வாயெடுத்தாள். இடையில் பேசக்கூடாது என்று அவள் கையைக் காட்டிவிட்டாள். பேச்சு: இல்லை. கட்டை அடுக்குதல்: இல்லை. தலையசைப்பைப் புரிந்துகொள்ளுதல்: இல்லை. எட்டரை நிமிடத்தில் தாள் முடிந்தது. அரை நிமிடம் மிச்சம் என்று ஒரு சந்தோஷம் வேறு. கையெழுத்தைப் போட்டு, அடுத்த பிள்ளையைக் கூப்பிட்டாள்.

அன்று மாலை வீட்டுக்குப் போகும் பஸ்ஸில், வண்டி ஒவ்வொரு குழியில் இறங்கும்போதும் அவள் மடியிலிருந்து கிலு என்று ஒரு சத்தம் வந்தது. பக்கத்தில் இருந்தவர் அவள் காலைக் குனிந்து பார்த்தார். பையைத் திறந்தால் இரண்டு வார். அடுத்தவர் வீட்டுக் குண்டூசியைக்கூடத் தொடாதவள் என்ற பெருமையும் அவளுக்கு உண்டு. விலாசம் தாளில் எழுதியபோதே மனதில் பதிந்திருந்தது, வழியில்தான் வீடு. கொடுத்துவிட்டு, போகிற போக்கில் பிள்ளைக்குப் படம் காட்டிக் கதை சொல்லச் சொல்லி நாலு நல்ல வார்த்தையும் சொல்லிவிட்டு வரலாம் என்று இறங்கினாள். நினைப்பைப் பாருங்கள்.

இரண்டாவது மாடி, மாடிப்படிக்குப் பக்கத்துக் கதவு. தட்டியதும் உள்ளிருந்து, "யாரு?" என்றது ஒரு பெண் குரல். அலுவலகத்தின் பெயரைச் சொல்லி, மணியைக் கொண்டுவந்திருப்பதாகச் சொன்னாள். கதவு திறந்தது. பிள்ளையின் அம்மா அகலமாகச் சிரித்துக்கொண்டு, "வாங்க மேடம், வாங்க. நேரா மூணு எட்டு வந்தா நாற்காலி. இடது பக்கம் மட்டும் ஒரு ஸ்டூல் இருக்கு, பாத்து" என்றாள்.

வெளியே இன்னும் வெயில் இருந்தாலும், உள்ளே திரை மூடி அறை மங்கலாகக் கிடந்தது. விளக்கில்லை. அறையைச் சுற்றிக் கண்ணை ஓட்டிக்கொண்டே, புத்தகம் இல்லை, பொம்மை இரண்டுதான் என்று மனதுக்குள் டிக் போட்டுக்கொண்டே நடந்தாள். முழங்காலில் ஸ்டூல் நச்சென்று இடித்தது. அவள் ஐயோ என்றாள்.

உடனே உள்ளேயிருந்து கணகணவென்று ஒரு சத்தம் ஓடிவந்தது. மணி தொலைந்துபோனதால், பிள்ளையின் காலில் ஒரு சாவிக்கொத்தைக் கட்டிவிட்டிருந்தார்கள். கிலுகிலு அவள் கையைப் பிடித்தான். ஸ்டூலின் விளிம்பில் வைத்தான். "தூலு" என்றான். பிறகு அவளை மெல்ல இழுத்துக்கொண்டுபோய் நாற்காலியின் முதுகில் கையை வைத்து, "நாக்காலி. ஒக்காரு" என்றான். அவள் உட்கார்ந்ததும் விட்டானா? எழுப்பி, சுவர் ஓரமாகக் கூட்டிக்கொண்டு போனான். "இது கதவு. இது தண்ணி. இது அப்பா செருப்பு." அடுப்பு மேடைக்குப் பக்கத்தில் வந்ததும் அவள் கையை வெடுக்கென்று பின்னால் இழுத்து, "தொடாத, சூடு" என்றான்.

அவள் பழக்கதோஷத்தில் இன்னொரு கையின் விரல்களை மடக்கி வார்த்தைகளை எண்ணிக்கொண்டு வந்தாள். இருபத்தேழு வரை வந்ததும் எண்ணுவதை விட்டுவிட்டாள். காலையில் பேச்சுக்கு எதிரே 'இல்லை' என்று டிக் போட்டவள்தான் இவள்.

தலை கால் புரியாமல் நின்றவள், ஏதாவது கேட்க வேண்டுமே என்று, கரண்ட் இல்லையா என்று கேட்டாள்.

"இருக்குமே" என்றாள் அம்மா. ஒரு கணம் யோசித்தாள். "ஓ, லைட்டா? மன்னிச்சுக்கோங்க மேடம், எங்களுக்கு ஞாபகமே வர்றதில்ல. கதவுக்கு வலது பக்கம் சுவிட்ச். போட்டுக்கோங்க."

போட்டாள். அம்மாவின் கண்கள் இவளுடைய தோளைத் தாண்டிச் சுவரில் எங்கோ நின்றன. மூலையில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்த அப்பா, விளக்கு வந்தது தெரியாமல், சட்டைக் காலரை விரலால் தடவிப் பார்த்து நேராக்கிக்கொண்டிருந்தார். இரண்டு பேருக்கும் பிறவியிலிருந்தே பார்வை இல்லை. முப்பது கேள்விகளிலும், அதற்கு முன்னால் கேட்ட ஜன்னல் குழாய்க் கேள்விகளிலும் அதற்கு ஒரு கட்டம் கிடையாது. சொல்ல வந்தவள் வாயை இவள் அடைத்திருந்தாள்.

அம்மா இது எதுவும் தெரியாமல் பேசிக்கொண்டே போனாள். மணி இல்லையென்றால் இவன் எங்கே நிற்கிறான் என்றே தெரியாதாம். படுக்கையில் போட்ட பிறகுதான் அதைக் கழற்றுவார்களாம். "மணியக் கழட்டிட்டா தூக்கம்னு அவனுக்கு. அப்புறம் வாயத் தொறக்க மாட்டான், சமர்த்தா கண்ண மூடிப்பான்" என்று அவள் பெருமையாகச் சொன்னபோது, நம் முதல் பெஞ்சு மாணவிக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. நல்லவேளை, அங்கே அந்த முகத்தைப் பார்க்க ஆள் இல்லை என்று நினைத்தாள். பார்த்தால் கிலுகிலு கீழேயிருந்து அண்ணாந்து அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அம்மா கேட்டாள். "அக்கா சொன்னா, நீங்க ரொம்ப அனுபவம் உள்ளவங்கன்னு. ஒண்ணு கேக்கட்டுமா மேடம்? நாங்க இப்பிடி இருக்கறதால அவனுக்கு ஏதாவது கொறையுதா? எல்லாரும் ஏதாவது சொல்லிட்டுப் போறாங்க. சிறப்பு மையத்துக்குப் போகணும்னு மட்டும் வந்துச்சுன்னா, நான் வேலைய விட வேண்டியதுதான். ரெண்டு பஸ்ஸு இவனத் தூக்கிட்டு என்னால மாற முடியாது. அது போனாப் போகட்டும். எங்களால அவனுக்குக் கொறைன்னா, அதத்தான் தாங்க முடியாது."

பதில் அவள் பையில் இல்லை. அலுவலக அலமாரியில், நீல மையில், கையெழுத்தோடு இருந்தது. அவள் சொன்னாள். "நான் காலைல சரியா பாக்கல. மறுபடியும் பாக்கணும்."

மூலையிலிருந்து அப்பா முதல் முறையாகப் பேசினார். "பரவால்ல மேடம். இந்த வீட்ல அது ஒரு குத்தமே இல்ல."

அம்மா சிரித்தாள். சாவிக்கொத்தும் சேர்ந்து சிரித்தது. அவளும் சிரிக்கத்தான் பார்த்தாள்; அழுகை முந்திக்கொண்டது. சத்தம் வராமல் அழுதாள். மணி வாரை அம்மாவின் கையில் வைத்துவிட்டு, முழங்காலைத் தடவிக்கொண்டே படி இறங்கினாள்.

வீட்டுக்கு வந்ததும் வராததுமாக, மகன், "அம்மா, சார்ஜர் எங்க?" என்றான். அது அவனுக்கு எதிரே மேசைமேல்தான் இருந்தது. அவள் பேசாமல் போய், இருபத்துநாலு வயது ஆளின் மணிக்கட்டைப் பிடித்து, உள்ளங்கையைச் சார்ஜர்மேல் வைத்தாள். அவன் மிரண்டுபோய் அப்பாவைப் பார்த்தான். கணவர் வழக்கமான வசனத்தைச் சொல்ல வாயெடுத்தவர், அவள் முகத்தைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார்.

வியாழக்கிழமை முதல் வேலையாகப் பிரிவு அதிகாரியின் அறைக்குப் போய் நடந்ததைச் சொன்னாள். ஒன்றையும் மிச்சம் வைக்காமல் சொன்னாள். அவர் நல்ல மனிதர். அலுவலகத்தில் எல்லாருக்கும் நல்லவராக இருந்தே தலை நரைத்தவர். திருத்தப் படிவம் என்று ஒன்று இருப்பதை அவர் எடுத்துக் காட்டியபோதுதான் அவளுக்கே தெரிந்தது. இத்தனை வருடத்தில் அதற்குத் தேவையே வந்ததில்லையே. 'பிழைக்கான காரணம்' என்ற தலைப்பின் கீழ் நாலு கட்டங்கள். குழந்தையின் உடல்நலக் குறைவு, பொருள்கள் பற்றாக்குறை, வெளிச் சத்தம், மின்தடை. இருபத்திரண்டு வருடமாகப் பிழை செய்யக்கூடிய ஆட்கள் யாரும் அந்த அலுவலகத்தில் இருந்ததில்லை என்பது படிவத்தைப் பார்த்தாலே தெரிந்தது.

அதிகாரி குரலைத் தாழ்த்தினார். முதல் கட்டத்தில் டிக் போட்டுவிடுங்கள், பிள்ளைக்குக் காய்ச்சல் என்று எழுதிவிடலாம், அடுத்த மாதச் சான்றிதழுக்கும் பங்கம் வராது என்றார். அவளுக்குச் சட்டென்று சுவரில் அடித்த ஆணி ஞாபகம் வந்தது. சபலப்பட்டாள், மறைப்பானேன்? ஒரு முழு நிமிடம் சபலப்பட்டாள். பிறகு, காய்ச்சல் என்றால் மறுமதிப்பீடு எப்போது என்று கேட்டாள். மூன்று மாதம் கழித்து என்றார் அவர். அதற்குள் இருபது இடமும் நிரம்பிவிடும். அந்த அம்மா வேலையை விட்டிருப்பாள். அதோடு, காய்ச்சலே வராத பிள்ளைக்கு இவள் காய்ச்சலையும் வரவழைத்த மாதிரி ஆகும்.

"தப்பு மதிப்பீட்டாளரோடதுன்னா, எப்ப மறுபடி பாக்கலாம் சார்?"

"உடனே பாக்கலாம். ஆனா அதுக்குத்தான் கட்டமே இல்லயேம்மா."

அவள் அவருடைய மேசையிலிருந்து அளவுகோலை எடுத்தாள். நாலு கட்டத்துக்குக் கீழே ஐந்தாவதாக ஒன்றைத் தானே வரைந்தாள். பக்கத்தில் 'மதிப்பீட்டாளர்' என்று எழுதி, டிக் போட்டாள். அது கோணிக்கொண்டு கட்டத்துக்கு வெளியே போய்விட்டது. அவள் போட்ட ஆயிரக்கணக்கான டிக்குகளில் அது ஒன்றுதான் பார்க்கச் சகிக்காமல் இருந்தது.

வெள்ளிக்கிழமை காலை கிலுகிலு வந்தான், காலில் மணியோடு. இந்த முறை அம்மாவும் வந்திருந்தாள். பெரியம்மா அவளைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து, கதவோரத்து பெஞ்சில் உட்கார வைத்தாள். மறுமதிப்பீட்டில் அதிகாரி கூட இருக்க வேண்டும் என்பதால், அவர் கையில் டீக்கோப்பையோடு நாற்காலி போட்டு உட்கார்ந்தார். மணியை இன்று யாரும் தொடவில்லை. விதியை மீறி அவள் வாய் ஓயாமல் பேசினாள். கிலுகிலு கட்டைகளை ஆறு வரை அடுக்கினான், அடுக்கும்போது ஒவ்வொன்றையும் தட்டிச் சத்தம் காட்டினான். பேர் சொன்னதும் திரும்பினான். ஷூவைக் காட்டச் சொன்னபோது மட்டும், விரலை நீட்டாமல், வழக்கம்போல அவள் கையை இழுத்துத் தன் ஷூவில் வைத்தான்.

அதிகாரி தாளை எட்டிப் பார்த்து, சுட்டிக் காட்டவில்லையே, அதுதானே முக்கியமான கேள்வி என்றார். அவர் சொல்வது விதிப்படி சரிதான். அவள் என்ன சொல்லிப் புரிய வைப்பது என்று விழித்துக்கொண்டிருந்தபோது, கிலுகிலு அந்தப் புதுக்குரல் எங்கே இருக்கிறது என்று பார்க்கப் போனான். டீக்கோப்பையை அவர் தரையில் வைத்திருந்தார். கை நாற்காலி ஓரமாகத் தொங்கிக்கொண்டிருந்தது. பிள்ளை அந்தக் கையைப் பார்த்தான், கோப்பையைப் பார்த்தான். கையைத் தூக்கி அவர் மடியில் பத்திரமாக வைத்தான். "சூடு" என்றான். பிறகு மறுபடி அதே கையை எடுத்து, கோப்பையின் பிடியில் மட்டும் விரல் படும்படி மெதுவாகக் கொண்டுபோய்த் தொடவிட்டான்.

அதிகாரி கொஞ்ச நேரம் பிடியிலிருந்து கையை எடுக்கவில்லை.

"இத எந்தக் கட்டத்துலம்மா போடறது?" என்றார்.

தெரியவில்லை என்று அவள் ஒப்புக்கொண்டாள். அந்த வார்த்தை அந்த அறையில் அவள் வாயிலிருந்து வந்தது அதுதான் முதல் தடவை. சுட்டிக் காட்டுதலுக்கு எதிரே 'இல்லை' என்று உள்ளதை உள்ளபடி போட்டாள். பிறகு தாளின் ஓரத்தில், யாரும் எழுதாத வெள்ளை இடத்தில், இவன் ஏன் சுட்டுவதில்லை, சுட்டினால் இவன் வீட்டில் அது யாருக்கு என்ன பயன், அதற்குப் பதிலாக இவன் என்ன செய்கிறான் என்றெல்லாம் எழுதிக்கொண்டே போனாள். ஓரம் போதாமல் தாளின் பின்பக்கத்துக்கும் போனாள். எழுதி முடிக்க ஒன்பது நிமிடம் ஆயிற்று. தலையசைப்புக் கேள்வி ஒன்று பாக்கியிருந்தது. அது ஒன்றைக் கேட்காவிட்டாலும் பரவாயில்லை என்று அதிகாரி சொல்லி, கீழே கையெழுத்துப் போட்டார். தேறியாயிற்று. இடம் உண்டு.

கிலுகிலு அதற்குள் அவள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தான். பெஞ்சுக்குக் கூட்டிக்கொண்டு போய், அந்தக் கையை அம்மாவின் கைக்குள் வைத்தான். வீட்டுக்கு யார் வந்தாலும் அப்படித்தான் செய்வானாம், ஆளைக் கொண்டுவந்து ஒப்படைத்துப் பேரையும் சொல்லிவிடுவானாம். இப்போதும் சொன்னான், கணீரென்று.

"டிக்கு மேடம்."

பெரியம்மா மின்விசிறியை ஆராய ஆரம்பித்தாள். அதிகாரிக்குத் திடீரென்று இருமல் வந்தது. கண்டக்டர்கள் வரைக்கும் பரவியிருக்கிறது என்றால், அந்தப் பேருக்கு ஊரில் எவ்வளவு மவுசு இருந்திருக்க வேண்டும்! இருபத்திரண்டு வருடத்துச் சிரிப்பும் எதற்கென்று அவளுக்கு அந்த நொடியில் விளங்கியது. கோபம் வரும் என்று பார்த்தாள். வரவில்லை. ஒப்படைத்த ஆளுக்குப் பொருத்தமான பேர்தான்.

அம்மாவுக்கு அதெல்லாம் காதில் ஏறவே இல்லை. இரண்டு கையாலும் அவள் கையை இறுக்கிப் பிடித்திருந்தாள்.

"மேடம், அன்னிக்குக் கேட்டேனே... ஒண்ணும் கொறையில்லதானே? எடம் கெடச்சிருச்சா?"

சொல்லத்தான் நினைத்தாள். வாயைத் திறந்தால் அழுதுவிடுவாள் போலிருந்தது. அதனால் அவள், எல்லாம் பார்த்து, எல்லாம் தெரிந்து, பின்பக்கம் வரைக்கும் எழுதித் தீர்த்த பிறகும், பெரிதாகத் தலையை ஆட்டினாள். அம்மா காத்துக்கொண்டிருந்தாள். அவள் இன்னும் பலமாக ஆட்டினாள். அம்மாவின் முகம் மெல்லச் சுருங்க ஆரம்பித்தது.

கிலுகிலு அண்ணாந்து அவளைப் பார்த்தான். பிறகு அம்மாவின் முழங்காலைத் தட்டினான்.

"ஆமா" என்றான். "அம்மா, ஆமாவாம்."

தலையசைப்பைப் புரிந்துகொள்ளும் அந்தக் கேள்விக்கும் அவள் புதன்கிழமை 'இல்லை' என்றுதான் போட்டிருந்தாள்.